எண்ணியவர்: சேர் பொன்னம்பலம் அருணாசலமும் மன்னாரின் கணக்கும்

மலர்க் குழுவிலுள்ள அக்கா ஒருவர் என்னிடம் கேட்டது நீரிழிவைப் பற்றித்தான். "எங்கட வயசுக்காரருக்குப் பிரயோசனமா இருக்கும், இரண்டு பக்கம் எழுதித் தாரும்" என்றார். நீரிழிவைப் பற்றி நீங்கள் அந்தந்த நாட்டு வைத்தியர்களிடம் போதியளவு பேச்சு வாங்கியிருப்பீர்கள். ஆகையால் அவரிடம் அனுமதி பெற்று, பல வருடங்களாக என் மனத்தில் கிடக்கும் வேறொரு விடயத்தை எழுதுகிறேன்.

சேர் பொன்னம்பலம் அருணாசலம் என்றால் நாங்கள் வரலாற்றுப் பாடத்தில் மனனம் செய்தது ஒரே வரி: இலங்கைத் தேசிய காங்கிரசின் முதல் தலைவர், 1919. பரீட்சையில் ஒரு புள்ளி. கொழும்பில் சமுதாய மருத்துவம் படித்தபோதுதான் அவரை வேறு முகத்தில் கண்டேன். இறப்பு வீதம் பற்றிய பழைய தரவு தேடிப் போன இடத்தில், 1901ஆம் ஆண்டுக் குடிசன மதிப்பீட்டு அறிக்கை கையில் அகப்பட்டது. எழுதியவர் அவர். அரசாங்க அறிக்கை என்று தூக்கம் வராமலிருக்கத் தேநீரோடு உட்கார்ந்த நான், பின்னேரம் நூலகத்தைப் பூட்டும்வரை எழும்பவில்லை. இலங்கையின் வரலாறு, சாதிகள், சமயங்கள், மொழிகள், நோய்கள் எல்லாம் அந்த அட்டவணைகளுக்கிடையில் இருந்தன. எண்ணியவர் தான் எண்ணிய மக்களைத் தெரிந்துகொள்ளவும் விரும்பியிருக்கிறார் என்பது பக்கத்துக்குப் பக்கம் தெரிந்தது.

அருணாசலம் 1853 செப்டம்பர் 14ஆந் திகதி கொழும்பில் பிறந்தவர். சேர் பொன்னம்பலம் இராமநாதனின் தம்பி. கொழும்பு அக்கடமியில் (இன்றைய றோயல் கல்லூரி) படித்து, 1870இல் புலமைப் பரிசில் பெற்றுக் கேம்பிரிட்ஜ் கிறைஸ்ட் கல்லூரிக்குப் போனார். 1875இல் இங்கிலாந்தில் நடந்த போட்டிப் பரீட்சையில் தேறி இலங்கைச் சிவில் சேவையில் நுழைந்தார். அந்த வழியால் நுழைந்த முதல் இலங்கையர் அவரே. அதன்பின் பத்து வருடங்களுக்கு மேலாக வெளியூர்களில் நீதவானாகவும் நீதிபதியாகவும் இடம் மாறி இடம் மாறி வேலை. திறமையிருந்தும் மேலே போக முடியவில்லை. உயர் பதவிகள் வெள்ளைக்காரருக்கென்று எழுதாத சட்டம் இருந்த காலம். 1880களின் பிற்பகுதியில் தேசாதிபதி சேர் ஆதர் கோர்டன் இவரை மூத்தவர்கள் பலரைத் தாண்டித் தூக்கிப் பதிவாளர் நாயகத்தின் கதிரையில் இருத்தியபோது, தாண்டப்பட்டவர்களிடமிருந்து ஆட்சேபம் எழுந்தது. அந்தக் கதிரையும் அவ்வளவு சுகமானதல்ல.

பதிவாளர் நாயகம் என்ன செய்பவர் என்று உங்களில் இளையவர்கள் கேட்கலாம். கனடாவிலோ ஜேர்மனியிலோ கடவுச்சீட்டுக்கு விண்ணப்பிக்கும்போது ஊரிலிருந்து பிறப்பு அத்தாட்சிப் பத்திரம் எடுப்பித்திருப்பீர்கள் அல்லவா? அந்தத் திணைக்களம். பிறப்பு, இறப்பு, விவாகம், காணி உறுதி நான்கும் அங்கேதான். அருணாசலம் போனபோது காணி உறுதிப் பதிவுகள் குழம்பிக் கிடந்தன. மோசடி மலிந்திருந்தது. எழுதுவினைஞர்கள் வட்டிக்காரரிடம் மாட்டுப்பட்டிருந்தார்கள். கடன்பட்ட எழுதுவினைஞனின் கையில் உறுதிப் புத்தகம் இருந்தால் என்ன நடக்கும் என்பது எங்கள் ஊர்க் காணி வழக்குகளைக் கண்டவர்களுக்குத் தெரியும். அவர் ஏடுகளை ஒழுங்குபடுத்தி, ஆவண அறை அமைத்தார். ஊழியருக்கென ஒரு சகாய நிதியும் தொடங்கினார். இந்தக் கடைசிச் செயல்தான் எனக்கு அவரைப் பிடிக்கக் காரணம். கணக்குப் பிழைப்பதற்குக் காரணம் கணக்குத் தெரியாமை மட்டுமல்ல, எழுதுகிறவரின் வீட்டு அடுப்பும்தான் என்பதை விளங்கிக்கொண்ட அதிகாரிகள் இன்றைக்கும் குறைவு.

இலங்கையில் பிறப்பு இறப்புப் பதிவு 1867ஆம் ஆண்டுக் கட்டளைச் சட்டத்தோடு முறையான வடிவம் பெற்றது. ஊர்ப் பதிவாளரிடம் போய், இன்ன நாளில் இன்னார் இறந்தார், காரணம் இது என்று உறவினர் சொல்வார்கள். வைத்தியர் பார்த்திராத இறப்புகளே பெரும்பாலும். "காய்ச்சல்", "வலிப்பு", "வயிற்றோட்டம்" என்று சொன்னதை அவர் எழுதுவார். இன்று இறப்புக்கான காரணத்தை எழுதிக் கையொப்பமிடும் வேலையை நானும் செய்கிறேன். உள்ளிருப்பு மருத்துவராக இருந்த காலத்தில், நள்ளிரவில், அடுத்த நோயாளி காத்திருக்க, "இதயம் நின்றது" என்று எழுதி ஒரு மூத்த வைத்தியரிடம் ஏச்சு வாங்கியிருக்கிறேன். "எல்லாருக்கும்தான் பிள்ளை கடைசியில இதயம் நிக்கும். ஏன் நிண்டது எண்டு எழுது."

ஒரு மாவட்டத்தில் ஆயிரம் பேருக்கு எத்தனை பேர் இறக்கிறார்கள் என்று சொல்ல இரண்டு எண்கள் வேண்டும். மேலே போடுவது இறப்புப் பதிவேட்டிலிருந்து வரும். கீழே போடுவது குடிசன மதிப்பீட்டிலிருந்து வரும். இரண்டில் ஒன்று பிழைத்தாலும் விடை பிழை. 1901இல் இந்த இரண்டு ஏடுகளும் ஒரே மனிதரின் பொறுப்பில் வந்தன. பதிவாளர் நாயகமாக இருந்தவரையே குடிசன மதிப்பீட்டு அத்தியட்சகராகவும் நியமித்தார்கள்.

நவீன முறையிலான முதல் கணக்கெடுப்பு 1871இல் நடந்தது, நாட்டின் தொகை 24 இலட்சம். 1901 மார்ச் 1ஆந் திகதி இரவு அருணாசலத்தின் ஆட்கள் எண்ணியபோது அது 35,65,954. அக்காலத்து முறை, யார் எந்த ஊரவர் என்று பார்ப்பதல்ல, அந்த இரவு எந்தக் கூரையின் கீழ் இருந்தார் என்று பார்ப்பது. தோணியிலிருந்தவர், மடத்தில் படுத்தவர், வண்டிற் பாதையில் போனவர் எல்லாரையும் பிடிக்க வேண்டும். தென்னாபிரிக்கப் போரில் பிடிபட்டு, கடல் கடந்து கொண்டுவரப்பட்டு, தியத்தலாவை முகாமில் அடைக்கப்பட்டிருந்த சுமார் 5,000 போயர் கைதிகளும் தனியாக எண்ணப்பட்டார்கள். சிறைப்பட்ட அந்நியரையும் விடவில்லை.

நாம் பெண்கள் பாடசாலையில் படித்தவர்கள் என்பதால் ஒரு அட்டவணையை மட்டும் சொல்ல வேண்டும். 1901இல் எழுத வாசிக்கத் தெரிந்த ஆண்கள் நூற்றுக்கு 42. பெண்கள் 8.5. நம் பாடசாலை தொடங்கிய காலத்துக்கு மிக அண்மித்த கணக்கெடுப்பு 1921ஆம் ஆண்டினது. அதில் பெண்கள் 21.2. இருபது வருடத்தில் இரண்டரை மடங்கு என்று பெருமைப்படலாம். ஐந்து பெண்களில் நாலு பேருக்குத் தன் பெயரை எழுதத் தெரியாது என்றும் வாசிக்கலாம். நம் பாடசாலையின் முதல் இடாப்பில் இருந்த பிள்ளைகளின் தாய்மார் பெரும்பாலும் அந்த நாலு பேரில்தான் இருந்திருப்பார்கள்.

இனி மன்னாருக்கு வருகிறேன்.

அன்றைய அரசாங்கம் எங்கள் கரையில் எதை எண்ணியது என்று யாராவது கேட்டால், முத்துச்சிப்பியை என்று சொல்வேன். மரிச்சுக்கட்டியில் சலாபம் கூடினால் வெறும் மணற்கரை சில வாரங்களுக்கு ஒரு பட்டினமாகிவிடும். குளித்தெடுத்த சிப்பியைக் கொட்டிப் பிரித்து, இருபதாம் நூற்றாண்டின் முற்பகுதிச் சலாபங்களில் மூன்றில் இரண்டு பங்கை அரசு எடுத்தது. மீதி ஒரு பங்கு குளியாளிகளுக்கு. அரசின் பங்கு ஆயிரக் கணக்கில் ஏலம் போகும். பின்னாளில் ஆங்கில எழுத்தாளராகப் புகழ்பெற்ற லெனாட் வூல்ப் 1906இல் அங்கே மேற்பார்வைக்கு நின்றவர். அதே மனிதர் 1911இல் அம்பாந்தோட்டையில் குடிசன மதிப்பீட்டையும் நடத்தினார். சிப்பி எண்ணுவது சுலபம். அது ஓடாது, பெயர் மாற்றிச் சொல்லாது.

மனிதரின் கணக்கு அப்படியல்ல. 19ஆம் நூற்றாண்டில் தமிழகத்திலிருந்து தோணிகளில் வந்து எங்கள் கரையில் இறங்கி, மன்னாரிலிருந்து மாத்தளை வரை காட்டு வழியே தோட்டங்களுக்கு நடந்த தொழிலாளர்கள் வாந்திபேதியாலும் காய்ச்சலாலும் பாதையோரத்தில் விழுந்தார்கள். கோப்பித் தோட்டங்கள் பெருகிய 1840களில் இறப்புகள் ஒழுங்காகப் பதியப்படவில்லை. அதனால் எத்தனை பேர் என்று வரலாற்றாசிரியர்கள் இன்றும் வாதாடுகிறார்கள்.

இதில் ஒரு விசேடம் உண்டு. இலங்கைத் தமிழர், இந்தியத் தமிழர் என்று இரண்டு நிரலாகப் பிரித்தது 1911ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பு. அருணாசலத்தின் 1901ஆம் ஆண்டு அட்டவணையில் "தமிழர்" என்று ஒரே நிரல்தான். கொழும்பு மாளிகையில் வாழ்ந்த அருணாசலமும், தோணியால் இறங்கி நடந்த தொழிலாளியும் அதே நிரலில் ஒவ்வொன்று. பிற்காலத்தில் அவர் தோட்டத் தொழிலாளருக்காகச் சங்கம் அமைத்ததற்கும் இதற்கும் தொடர்பு கற்பிக்க நான் விரும்பவில்லை. ஆனால் தோட்டத்தை விட்டு ஓடிய தொழிலாளியைச் சிறையிலடைக்கும் சட்டத்தை எதிர்த்து அவர் போராடினார் என்பதும், 1920களின் தொடக்கத்தில் அந்தத் தண்டனை நீக்கப்பட்டது என்பதும் வரலாறு.

1901இல் மன்னார் மாவட்டத்தின் தொகை 25,000க்குச் சற்றுக் குறைவு. இந்த எண்ணை முதலில் கண்டபோது சாதாரணமாகக் கடந்து போய்விட்டேன். பிறகு முன்னும் பின்னும் பார்த்தேன். 1891இல் 24,500 அளவு. 1911இல் 25,600. 1921இலும் அதே அளவு. 1931இல் 25,100. நாற்பது வருடமாக மாவட்டம் அசையவில்லை! அதே காலத்தில் நாட்டின் தொகை 30 இலட்சத்திலிருந்து 53 இலட்சமாகியது. கட்டுக்கரைக்குளத்தைத் திருத்தியிருந்தார்கள். 1914இல் தலைமன்னாருக்கு ரயிலும் தனுஷ்கோடிக்குக் கப்பலும் வந்துவிட்டன. பிள்ளைகளும் பிறந்துகொண்டுதான் இருந்தார்கள். என்றாலும் கூட்டுத்தொகை கூடவில்லை.

மருத்துவம் படித்தவர் எவரும் இந்த இடத்தில் மலேரியாவை நினைப்பார். உலர் வலயத்தில் குளமும் காடும் சேர்ந்த கிராமங்களில் அது ஆண்டுதோறும் வந்துபோகும் விருந்தாளி. கொல்லாத ஆட்களையும் இரத்தச்சோகையாக்கி, மண்ணீரல் வீங்க வைத்து, கர்ப்பிணிகளைப் பிரசவத்தில் பலிகொடுக்க வைக்கும். என் அம்மம்மாவின் தாய்க்குப் பதினொரு பிரசவம், வளர்ந்தது நாலு பிள்ளைகள் என்று வீட்டில் சொல்வார்கள். நாங்கள் அதைக் குடும்பத்தின் துரதிர்ஷ்டம் என்று நினைத்திருந்தோம். மாவட்டத்தின் ஐந்து கணக்கெடுப்புகளை வரிசையில் வைத்துப் பார்த்தால், அது எல்லா வீட்டுக் கதையும்தான்.

1946 முதல் வீடுவீடாக டி.டி.ரி. அடித்தார்கள். நாடு முழுவதற்குமான இறப்பு வீதம் 1946இல் ஆயிரத்துக்கு 20 ஆக இருந்தது, மறு வருடமே 14. ஆயிரம் உயிர்ப்பிறப்புக்கு 141 குழந்தைகள் ஒரு வயதாகுமுன் இறந்த நிலை 101 ஆயிற்று. முழுப் பெருமையையும் டி.டி.ரி.க்குக் கொடுக்கலாமா, கிராமிய வைத்தியசாலைகளுக்கும் மருத்துவமாதுகளுக்கும் மானிய அரிசிக்கும் பங்கில்லையா என்று நிபுணர்கள் சண்டை பிடிப்பார்கள். (நான் மருத்துவமாதுகளின் பக்கம்.) மன்னாரின் தொகை 1946இல் 31,000, 1953இல் 43,000, 1963இல் 60,000, 1971இல் 77,000 என்று ஏறி, 1981இல் 1,06,000 ஐத் தாண்டியது. இப்படி ஒரு திருப்பம் நடந்ததென்று இன்று சொல்ல முடிவது, 1901இலும் அதற்கு முன்னும் பின்னும் யாரோ விதானைமாரும் வாத்திமாரும் வீடுவீடாகப் போய்ச் சரியாக எழுதிவைத்ததால்தான்.

அருணாசலத்தின் மிகுதிக் காலத்தைச் சுருக்கமாகச் சொல்கிறேன், ஏனென்றால் அது பாடப் புத்தகத்தில் இருக்கிறது. 1913இல் ஓய்வு, 1914இல் சேர் பட்டம், 1915இல் சமூக சேவைச் சங்கம், 1919இல் தேசிய காங்கிரஸ். பல்கலைக்கழகம் வேண்டுமென்று 1906 முதல் கேட்டுக்கொண்டிருந்தார். பிரதிநிதித்துவச் சண்டையில், மேல் மாகாணத் தமிழருக்கென ஓர் ஆசனம் என்ற வாக்குறுதி நிறைவேறாதபோது மனம் உடைந்து காங்கிரசை விட்டு விலகினார். 1924 சனவரி 9ஆந் திகதி, யாத்திரை போன இடத்தில், மதுரையில் காலமானார். இனங்களின் தொகையை அவ்வளவு கவனமாக எண்ணியவர், அந்தத் தொகைகள் ஆசனங்களாக மாறியபோது தோற்றார்.

இனி எங்கள் காலம். நான் 1981 சனவரியில் பிறந்தவள். மார்ச்சில் நடந்த கணக்கெடுப்பில் இரண்டு மாதக் குழந்தையாக என்னையும் ஒன்று என்று போட்டார்கள். அடுத்து 1991இல் எண்ணியிருக்க வேண்டும், போரினால் நடக்கவில்லை. 2001இல் நடந்தது, ஆனால் 25 மாவட்டங்களில் 18இல்தான் முழுமையாக. மன்னார் அந்தப் பதினெட்டில் இல்லை. ஆகவே என்னை அடுத்து முறையாக எண்ணியது 2012 மார்ச்சில். அப்போது எனக்கு 31 வயது. இடையில் நான் எழுதக் கற்றேன், இடம்பெயர்ந்தேன், பெரியபிள்ளையானேன், வைத்தியரானேன். நாட்டின் பெரிய இடாப்பில் இவற்றில் எதற்கும் வரியில்லை.

சின்ன இடாப்பில் இருந்தது. 1990 யூனில் மீண்டும் போர் தொடங்கி, நாங்கள் சில மாதங்கள் மடுவில் இருந்துவிட்டுத் திரும்பினோம். அந்த ஐப்பசியில் முஸ்லிம் மக்கள் வடக்கிலிருந்து வெளியேற்றப்பட்டிருந்தார்கள். தீவிலிருந்தவர்கள் படகில் கற்பிட்டிக்கும் புத்தளத்துக்கும் போயிருந்தார்கள். வேறு பலர் தலைமன்னாரிலிருந்து இராமேஸ்வரத்துக்குத் தோணி ஏறியிருந்தார்கள். வகுப்பு மீண்டும் தொடங்கிய நாளில் எங்கள் ரீச்சர் பழைய இடாப்பையே எடுத்து முழுப் பெயர்களையும் கூப்பிட்டார். பதில் வராத பெயருக்கு ஒரு கணம் நின்று, பிறகு அடுத்த பெயர். மறுநாளும் அப்படியே. அந்த வருடம் முடியும்வரை ஒரு பெயரையும் அவர் வெட்டவில்லை. இடாப்பின் ஓரத்தில் "விலகிய திகதி", "காரணம்" என்று இரண்டு நிரல்கள் உண்டு. பல வருடம் கழித்து அவரைச் சந்தித்தபோது, காரணம் என்ற இடத்தில் என்ன எழுதினீர்கள் ரீச்சர் என்று கேட்டேன். "வெறுமையா விட்டனான் பிள்ளை. பொய் எழுதக் கூடாது, மெய் எழுத ஏலாது" என்றார்.

போர் முடிந்தபின் மன்னாரிலிருந்து ஒரு கழித்தல் கணக்கு வந்தது. 2011 சனவரியில், காலஞ்சென்ற எங்கள் ஆயர் இராயப்பு யோசேப்பு ஆண்டகை, கற்றுக்கொண்ட பாடங்களுக்கான ஆணைக்குழுவின் முன் அதை வைத்தார். 2008 ஒக்டோபர் தொடக்கத்தில் கச்சேரிப் புள்ளிவிபரப்படி வன்னியில் இருந்தோர் 4,29,059. ஐ.நா. தரவின்படி 2009 யூலையளவில் வெளியே வந்து சேர்ந்தோர் 2,82,380. மிகுதி 1,46,679. இவர்களுக்கு என்ன ஆனது என்பதே அவர் கேள்வி. முதல் எண்ணில் ஆட்கள் கூட்டிக் காட்டப்பட்டிருக்கலாம் என்றார்கள் சிலர், இரண்டாவதில் பதியாமல் வந்தவர்கள் உண்டு என்றார்கள் வேறு சிலர். அப்படி இருக்கலாம். ஆனால் கணக்கில் ஐயம் என்றால் அதற்கு மருந்து, பெயர்பெயராக மீண்டும் எண்ணுவதுதான். 2011இல் தொகைமதிப்புத் திணைக்களம் வடக்கில் பிறப்பு இறப்புகளைத் தனியாகக் கணக்கெடுக்கவும் செய்தது. அது சொன்ன தொகை மிகக் குறைவு. இரண்டுக்கும் இடையிலான தூரம் இன்னும் அப்படியே கிடக்கிறது. காணாமற்போன மகனுக்கு இறப்பு அத்தாட்சிப் பத்திரம் எடுக்க மறுக்கும் தாய்மார் என்னிடம் அழுத்தத்துக்கு மருந்தெடுக்க வருகிறார்கள்.

2012இல் மன்னார் மாவட்டத்தின் தொகை ஒரு இலட்சத்தைத் தொடவில்லை. முப்பத்தொரு வருடத்துக்கு முன் இருந்ததைவிடக் குறைவு. மலேரியாக் காலத்தில்கூட நாங்கள் நின்ற இடத்தில் நின்றோமே தவிர, இப்படிப் பின்னுக்குப் போகவில்லை. நாடோ 1 கோடி 48 இலட்சத்திலிருந்து 2 கோடி 3 இலட்சமாகியிருந்தது. அந்தக் குறைவில் இறந்தவர்கள் உண்டு, காணாமற்போனவர்கள் உண்டு, புத்தளத்தில் எண்ணப்பட்டவர்கள் உண்டு, மண்டபம் முகாமிலும் ரொறன்ரோவிலும் பரிசிலும் வேறொரு அரசின் நிரலில் எண்ணப்பட்டவர்கள் உண்டு. இந்த மலரை இப்போது கையில் வைத்திருக்கும் உங்களில் பலர் அதில்தான் இருக்கிறீர்கள்.

2024 இறுதியில் மீண்டும் கணக்கெடுப்பு. காகிதம் இல்லை, ஒரு இளம்பிள்ளை கையில் ரப்லெற்றோடு எங்கள் வீட்டுப் படலையைத் திறந்து வந்தாள். நான் அன்று லீவில் நின்றேன். அம்மா கதிரையைப் போட்டு, தேத்தண்ணி கொடுத்து, அவள் கேட்குமுன்பே தொடங்கிவிட்டார்: மூத்தவள் கனடா, இரண்டாவது லண்டன், மகன் பிரான்ஸ், நான், பேரப்பிள்ளைகள் ஏழு பேர், எல்லாருடைய பிறந்த திகதியும்.

"அம்மா, இங்க வழமையா இருக்கிற ஆக்களை மட்டும் சொல்லுங்கோ."

"எல்லாரும் இந்த வீட்டுப் பிள்ளையள்தான்."

"விளங்குது அம்மா. ஆனா இதில இடமில்லை."

அம்மா என்னைப் பார்த்தார். பிறகு அந்தப் பிள்ளையின் பக்கம் திரும்பி, "சரி பிள்ளை, இரண்டு பேர் எண்டு போடு. ஆனா பெயரை எல்லாம் ஒருக்கா கேட்டிட்டுப் போ" என்றார். அவள் ரப்லெற்றை மடியில் கவிழ்த்து வைத்துவிட்டு இருந்து கேட்டாள்.